மனக்குரல் படத்தோடு ஒட்டவில்லை, வழி சொல்லுங்கள்

வணக்கம். 12 நிமிடக் குறும்படம், எடிட்டிங்கில் இருக்கிறது. ஒரு பெண், ஒரு சமையலறை, ஒரு மதியம். வசனம் கிடையாது, அவள் மனக்குரல் மட்டும்தான்.

குரலை மைக்கிலிருந்து ஒரு சாண் தள்ளி, கனமான போர்வைக்குள் பதிவு செய்து, 80 ஹெர்ட்ஸுக்குக் கீழே வெட்டியாயிற்று. சுத்தமாக இருக்கிறது, ஆனால் செய்தி வாசிப்பது போல் தனியாக மிதக்கிறது. ரிவெர்ப் (எதிரொலிப்பு) சேர்த்தால் பேய்ப்படம்! குரல் வரும்போது குக்கர், குழாய்ச் சத்தத்தில் 2 கிலோஹெர்ட்ஸுக்கு மேலே உள்ளதைக் குறைத்தால் அவள் தனக்குள் போவது தெரிகிறது. ஆனால் கட் விழும் (ஷாட் மாறும்) இடத்தில் அந்த மாற்றம் துருத்துகிறது. கட்டுக்கு எத்தனை ஃபிரேம் முன்பே தொடங்கலாம்?

இன்னொன்று. நொடிக்கு 24 ஃபிரேம், 1/48 நொடி ஷட்டர், பழைய டியூப்லைட். நம்மூர் 50 ஹெர்ட்ஸ் மின்சாரத்துக்கு ஒளி அலையலையாகத் துடிக்கிறது. மீதி ஷாட்டுகளை 1/50 ஷட்டரில் மறுபடி எடுத்தால் போதும். கண் கலங்கும் க்ளோசப்பை மட்டும் மறுபடி எடுக்க முடியாது, அந்த நடிப்பு திரும்ப வராது. டீஃப்ளிக்கர் (துடிப்பை நீக்கும் எஃபெக்ட்) போட்டால் கன்னம் மெழுகாகிறது. முகத்தை மாஸ்க் செய்து (தனியாகப் பிரித்து) பின்சுவருக்கு மட்டும் போட்டவர்கள் யாராவது உண்டா? விளிம்பு தெரியாமல் எப்படிச் சமாளித்தீர்கள்?