ஒரே சொல், மூன்று வீட்டில் மூன்று பொருள்: தளி, வேப்பனப்பள்ளிப் பக்கத்துக்கு ஒரு சொற்பட்டியல்

தென்பெண்ணை கேட்டது:

வணக்கம். கிருஷ்ணகிரி மாவட்டத்தில் தளி, கெலமங்கலம், வேப்பனப்பள்ளி ஒன்றியங்களில் வீடு வீடாகப் போய் பிரஷர், சர்க்கரை பார்த்து மாத்திரை கொடுக்கும் தன்னார்வலர்களுக்காக ஒரு சொற்பட்டியல் தயார் செய்கிறோம். ஒரே தாள், முன்னும் பின்னும் அச்சு. ஒரே தெருவில் தமிழ், தெலுங்கு, கன்னடம் மூன்றும் பேசுகிற ஊர்கள் இவை. பணிக்கு வருகிறவர்களில் பலருக்குத் தமிழ் மட்டும்தான் தெரியும்.

முதல் வரைவில் மூன்று மொழிச் சொற்களையும் தமிழ் எழுத்தில் போட்டு, எதிரே பொருள் எழுதினோம். குழப்பம் அங்கேதான். மாடு என்றால் நமக்குக் கால்நடை, கன்னடத்தில் "செய்", தெலுங்கில் "கருகிப் போ". சின்ன என்றால் நமக்கும் தெலுங்குக்கும் சிறியது, கன்னடத்தில் தங்கம். கோடி நமக்கு நூறு லட்சம், தெலுங்கில் கோழி. இப்படி எழுபது எண்பது சொல் சேர்ந்துவிட்டது, தாளில் இடமில்லை. எதை வைப்பது, எதை விடுவது? தெலுங்கையும் கன்னடத்தையும் தமிழ் எழுத்தில் எழுதுவது சரிதானா?

சின்னாறு பதில்:

மாடு, சின்ன, கோடி மூன்றையும் அடித்துவிடுங்கள். கேட்கச் சுவையாக இருக்கும், ஆனால் வேலையில் யாரும் அவற்றால் தடுக்கி விழுவதில்லை. "ஊட்டா மாடு" (சாப்பிடு) என்று ஒரு கன்னடக்காரம்மா சொன்னால் தமிழ் மட்டும் தெரிந்தவருக்கு ஒன்றுமே புரியாது. புரியவில்லை என்றால் திருப்பிக் கேட்பார். அதில் ஆபத்து இல்லை.

ஆபத்தானது, புரிந்த மாதிரியே இருந்து தப்பாகப் புரிவது. ஒவ்வொரு சொல்லையும் ஒரு முழு வாக்கியத்தில் வைத்துப் பாருங்கள். அந்த வாக்கியம் இரண்டு பொருளிலும் ஒழுங்காக நின்றால் சொல் தாளில் இருக்கட்டும். ஒரு பொருளில் உளறலாகப் போனால் எடுத்துவிடுங்கள். எண்பது சொல் இருபதுக்குள் வந்துவிடும்.

அந்தச் சோதனையில் தேறுபவை சில:

உண்டு. "மாத்திரை மிச்சம் இருக்கா?" என்று கேட்கிறீர்கள். தெலுங்கு வீட்டுப் பாட்டி "கொஞ்செம் உண்டு" என்கிறார். நம் காதுக்கு "கொஞ்சம் இருக்கு". அவர் சொன்னது "கொஞ்சம் இரு, பார்த்துச் சொல்றேன்". "இருக்கு" என்பதற்கு அவர்கள் சொல் வேறு. நீங்கள் மிச்சம் இருக்கிறது என்று குறித்துக்கொண்டு அடுத்த வீட்டுக்குப் போய்விடுவீர்கள், அவர் உள்ளே போய் டப்பாவைத் தேடிக்கொண்டிருப்பார். கன்னடத்தில் இதே ஒலி "சாப்பிட்டுவிட்டு" என்று பொருள்படும்.

கொட்டு. கன்னடத்தில் "மாத்ரெ கொட்டெ" என்றால் மாத்திரை கொடுத்தேன். நம் காதில் மாத்திரையைக் கொட்டிவிட்டதாக விழும். தெலுங்கில் கொட்டு என்றால் அடி. காயத்தோடு இருக்கும் பெண்ணைக் காட்டி "கொட்டினாடு" என்றால் அவன் அடித்தான் என்று அர்த்தம். தேள் கொட்டியதையும் தண்ணீர் கொட்டியதையும் நினைத்துக்கொண்டு எழுதினால் காயத்தின் காரணமே மாறிப்போகும். தேள் கொட்டுவதற்குத் தெலுங்கில் குட்டு. நாம் தலையில் குட்டுகிறோம், அங்கே தேள் குட்டுகிறது. இந்த இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் போடுங்கள்.

சளி. என்னைக் கேட்டால் பட்டியலின் முதல் வரி இதுதான். மூன்று மொழிக்கும் வேர் ஒன்று, ஆனால் பொருள் விலகிவிட்டது. கன்னடத்தில் சளி, தெலுங்கில் சலி, இரண்டுமே குளிரைக் குறிக்கும். நமக்கு மட்டும் அது மூக்கிலும் நெஞ்சிலும் கட்டுவது. அவர்கள் "சளி ஜ்வர" என்றால் உடம்பு நடுங்கி வரும் குளிர்காய்ச்சல். மலேரியாவா என்று ரத்தம் எடுத்துப் பார்க்க வேண்டிய காய்ச்சல் அது. அதைச் "சளி, காய்ச்சல்" என்று பதிவேட்டில் எழுதினால் மேலே பார்க்கிற மருத்துவருக்கு நடுக்கம் இருந்ததே தெரியாது. நம் சளிக்குக் கன்னடத்தில் நெகடி, தெலுங்கில் ஜலுபு. இந்த இரண்டு சொல்லையும் சேர்த்தே அச்சடியுங்கள். "நடுக்கம் இருந்துச்சா?" என்ற கேள்வியும் அதே வரியில் இருக்கட்டும்.

மார்க்கண்டநதி பதில்:

எழுத்து விஷயத்துக்கு வருகிறேன். தமிழ் எழுத்தில் எழுதலாம், தன்னார்வலருக்கு வேறு எழுத்து தெரியாது. ஆனால் நம் எழுத்து எதை மறைக்கிறது என்று தெரிந்துகொண்டு எழுத வேண்டும்.

முதல் மறைப்பு, வல்லினம். நமக்கு ஒரு த, ஒரு ட, ஒரு ப. சொல் முதலிலும் இரட்டித்தாலும் வல்லோசை, நடுவில் ஒற்றையாக வந்தால் மெல்லோசை. கன்னடமும் தெலுங்கும் இரண்டு ஓசைக்கும் தனித்தனி எழுத்து வைத்திருக்கின்றன. தளி, அஞ்செட்டிப் பக்கம் ஊர்ப்பெயர்களின் கடைசியில் வரும் "தொட்டி" பெரும்பாலும் தண்ணீர்த் தொட்டி கிடையாது. மாட்டுப்பட்டிக்கான கன்னடச் சொல், தொடக்கத்தில் "தம்பி"யில் வரும் த இல்லை, "தயவு" என்று சொல்லும்போது பலர் வாயில் வருகிற மெல்லிய த. நீலகிரியின் தொட்டபெட்டாவிலும் அப்படித்தான்: யாரும் எதையும் தொடவில்லை, "பெரிய மலை".

இதனால் மருத்துவத் தாளில் ஒரு சொல் மிக மோசமாக அடிபடும். வயிற்றுக்குத் தெலுங்குச் சொல். அதில் வரும் ப ஒற்றை, ஆனால் வல்லோசை. ஓசையைக் காப்பாற்ற "கடுப்பு" என்று எழுதினால் நம் ஆள் வயிற்றுக் கடுப்பு என்று படிப்பார். "கடுபு" என்று எழுதினால் ஓசை மெலிந்து, கன்னடத்தில் ஆவியில் வேகவைக்கும் பலகாரத்தின் பெயராகிவிடும். போதாக்குறைக்கு, தெலுங்கில் அந்தச் சொல்லே கருவையும் குறிக்கும். "கடுபுதோ உந்தி" என்றால் அவள் கர்ப்பமாக இருக்கிறாள். அதை வயிற்றுக் கடுப்பு என்று எழுதி, கர்ப்பிணிக்கு வயிற்றுவலி மாத்திரை போய்ச் சேர்ந்தால் என்ன ஆகும் என்று சொல்லத் தேவையில்லை. இந்தச் சொல்லுக்கு மட்டும் எழுத்தை நம்பாதீர்கள். "கடு" என்று எழுதி, பக்கத்தில் "பு: பூ என்பதில் வரும் ப, இரட்டிக்காமல்" என்று குறிப்புப் போடுங்கள். பயிற்சியில் வாயால் சொல்லிக் காட்டுங்கள்.

இரண்டாவது, ஹ. பழைய கன்னடத்தில் ப-வில் தொடங்கிய பல சொற்கள் பிற்பாடு ஹ ஆகிவிட்டன. பால் ஹாலு, பத்து ஹத்து, புகை ஹொகெ (ஒகேனக்கல் பெயரில் இருப்பது அந்தப் புகைதான்). நம் மாவட்டங்களில் ஊர்ப்பெயரே இதற்குச் சாட்சி. மக்களைத் தேடி மருத்துவம் 2021 ஆகஸ்ட் 5 அன்று தொடங்கிய சாமனப்பள்ளியில் "பள்ளி" என்று நிற்பதுதான் தர்மபுரிப் பக்கம் மாரண்டஅள்ளியில் "அள்ளி" ஆகியிருக்கிறது. இரண்டும் ஊர் என்றே பொருள், பள்ளிக்கூடமும் இல்லை, அள்ளுவதும் இல்லை.

கிராமத்துக் கன்னடத்தில் அந்த ஹ-வும் உதிர்ந்துவிடும். அப்போது மோதல் கூடும். "ஹேளு" என்றால் சொல். ஹ உதிர்ந்தால் "ஏளு". கன்னடத்தில் ஏழுக்கும் ஏளு, எழுந்திருப்பதற்கும் ஏளு. நம் ஊர்ப் பேச்சில் ழ பலர் வாயில் ள-தான், அதனால் நாமும் ஏழு என்ற எண்ணை "ஏளு" என்கிறோம். ஒரே ஒலிக்கு மூன்று பொருள், அதில் ஒன்று எண். "ஹத்து"வும் அப்படித்தான்: பத்து என்றும் பொருள், ஏறு என்றும் பொருள். தெலுங்கில் ஏழுக்கு ஏடு, வருடத்துக்கும் அதே சொல்.

அதனால் மாத்திரைக் கணக்கை எந்த மொழியிலும் வாயால் மட்டும் சொல்லக் கூடாது என்று தாளின் மேல்பக்கம் தடித்த எழுத்தில் போடுங்கள். அட்டையைக் கையில் வைத்து, இன்று காலை எது, இரவு எது என்று விரலால் தொட்டுக் காட்ட வேண்டும். பிறகு அவரையே திருப்பிக் காட்டச் சொல்ல வேண்டும்.

தென்பெண்ணை:

இரண்டு பேருக்கும் மிக்க நன்றி. கடுபு விஷயம் எங்கள் வரைவில் "கடுப்பு" என்றே இருந்தது, மாற்றுகிறோம். இன்னொன்று: வெளி மாவட்டத்திலிருந்து வரும் செவிலியர்களும் இதே தாளைத்தான் வைத்துக்கொள்வார்கள். தமிழுக்குள்ளேயே இடிக்கும் சொற்களுக்கும் இரண்டு மூன்று வரி ஒதுக்கலாமா?

குடமுருட்டி பதில்:

கட்டாயம் ஒதுக்குங்கள். தமிழ் தெரியும் என்ற நம்பிக்கையில் யாரும் திருப்பிக் கேட்பதில்லை, அதனால் இங்கே தப்பு கண்ணுக்கே தெரியாது.

முதலில் கொல்லை. தஞ்சாவூர்ப் பக்கம் கொல்லை என்றால் வீட்டின் பின்புறம், "கொல்லைக்குப் போறது" என்றால் மலம் கழிக்கப் போவது. தர்மபுரி, கிருஷ்ணகிரியில் கொல்லை என்றால் காடு கழனி, மேட்டு நிலம். டெல்டாவிலிருந்து வந்த செவிலியர் "காலையிலேர்ந்து எத்தனை தடவை கொல்லைக்குப் போனீங்க?" என்று கேட்டால் "ஒரு தடவைதாங்க, கள வெட்டப் போனேன்" என்பார் இங்குள்ளவர். பேதி ஏழு தடவை ஆகியிருந்தாலும் பதிவேட்டில் ஒன்று. இங்கே "வயித்தால போகுதா?", "வெளிய எத்தனை தடவ போனீங்க?" என்றுதான் கேட்க வேண்டும்.

அடுத்தது சாறு. மற்ற இடங்களில் பிழிந்து எடுப்பது சாறு. இந்தப் பக்கம் சோற்றுக்கோ களிக்கோ ஊற்றிக்கொள்வதும் சாறுதான். தெலுங்கின் சாரும் கன்னடத்தின் சாரும் அதே பொருளில் பக்கத்தில் நிற்பதால் இந்தப் பொருள் இங்கே உறுதியாக இருக்கிறது. "சாறு நிறையக் குடுங்க" என்று சொல்லிவிட்டுப் போனால் உப்பும் புளியும் காரமும் உள்ளே போகும், பிரஷர்காரருக்கு ஆகாது. "பழத்தைப் பிழிஞ்சு குடுங்க" என்று வினையோடு சொல்லுங்கள். சர்க்கரை உள்ளவருக்கு அதுவும் வேண்டாம்.

நோவு இங்கே வலி. "கால் நோவுது" என்றால் கால் வலிக்கிறது, கன்னடத்திலும் நோவு வலிதான். வேறு ஊர்களில் நோவு என்றால் நோய் என்று எடுத்துக்கொள்வார்கள். ஒரு வரி போதும்.

சின்னாறு மறுபடி:

உறவுச் சொல்லில் ஒன்றைச் சேர்த்துக்கொள்ளுங்கள்: அவ்வா. தெலுங்கு வீட்டில் பாட்டி, கன்னட வீட்டில் பெரும்பாலும் அம்மா. "அவ்வாவுக்கு சர்க்கரை" என்று வாசலில் நிற்கிற பையன் சொன்னால் யாருக்கு என்று பெயரும் வயதும் கேட்டு எழுத வேண்டும். மாத்திரை ஆள் மாறிப் போவது இப்படித்தான்.

தாளை அடுக்கும் விதம்: அகர வரிசை வேண்டாம், தேட நேரமிருக்காது. வேலையின் வரிசையில் போடுங்கள்: வாசலில் கேட்பது, உடம்புக்கு என்ன, மாத்திரை, அவசரம். ஒவ்வொரு வரியிலும் நான்கு கட்டம் போதும். காதில் விழும் ஒலி, எந்த மொழி, அங்கே என்ன பொருள், அடுத்து நீங்கள் கேட்க வேண்டிய கேள்வி. நான்காவது கட்டம் இல்லாத வரி வீண். பொருள் தெரிந்தும் என்ன செய்வதென்று தெரியாமல் நிற்பார்கள். வேர் எது, எந்த மொழியிலிருந்து எந்த மொழிக்கு வந்தது என்பதெல்லாம் தாளில் வேண்டாம். பர்ரோவும் எமனோவும் தொகுத்த திராவிட வேர்ச்சொல் அகராதியை (1961, இரண்டாம் பதிப்பு 1984) பயிற்சி கொடுப்பவர் பார்த்துக்கொள்ளட்டும்.

அச்சுக்குப் போகும் முன் ஒவ்வொரு மொழிக்கும் இரண்டு பேரிடம் சரிபாருங்கள், இருவரும் வெவ்வேறு ஊராக இருக்கட்டும். படித்த தெலுங்கை ஆந்திராவிலிருந்து கொண்டுவந்தவரிடம் கேட்காதீர்கள். வேப்பனப்பள்ளித் தெலுங்கு அவருக்கே புதிதாக இருக்கும். "இந்தச் சொல்லுக்கு என்ன அர்த்தம்?" என்று கேட்டால் அகராதிப் பொருள்தான் வரும். வாக்கியத்தைத் தமிழ் மட்டும் தெரிந்த தன்னார்வலர் படிக்கட்டும், எதிரில் இருப்பவர் கேட்டுவிட்டு என்ன புரிந்தது என்று சொல்லட்டும். நம் வாய் உச்சரிப்பில் பொருள் மாறுகிறதா என்பது அப்போதுதான் பிடிபடும்.

அவசரப் பகுதியில் ஒரே சொல் போதும்: மருந்து. விவசாய வீட்டில் "மருந்து குடிச்சிட்டார்" என்று தமிழில் சொன்னால் பூச்சிமருந்து, உயிர்போகும் விஷயம். தெலுங்கில் "மந்து தாகினாடு" என்பது அன்றாடப் பேச்சில் சாராயம் குடித்ததற்கும் சொல்வது, பூச்சிமருந்துக்கும் அதே மந்து. அழுகைக்கும் கூச்சலுக்கும் நடுவில் அதைக் குடிபோதை என்று எடுத்துக்கொண்டு "தூங்கி எழட்டும்" என்று விட்டுவிடக் கூடாது. நான்காவது கட்டத்தில் இதை எழுதுங்கள்: "எந்த மருந்து? டப்பாவைக் காட்டுங்க." வாயிலும் துணியிலும் பூச்சிமருந்து வாடை இருக்கிறதா என்று பாருங்கள். சந்தேகம் இருந்தால் உடனே 108. வாந்தி எடுக்க வைக்க வேண்டாம். டப்பாவை வண்டியிலேயே அனுப்புங்கள், மருந்தின் பெயர் அதில்தான் இருக்கும்.