டிப் = தொடுமசியல்? (பரங்கிக்காய், கல்ரொட்டி)

குழுவினருக்கு வணக்கம்.

செட்டிநாட்டு விடுதிகளுக்கு உணவுப்பட்டியலைத் தமிழில் எழுதும்போது ‘டிப்’ (dip, ரொட்டி போன்றவற்றால் தொட்டு அள்ளித் தின்னும் கெட்டிப் பண்டம்) என்ற இடத்தில் கை நின்றுவிடுகிறது. எடுத்துக்கொண்ட பண்டம்: ஈஸ்ட் போட்டுப் புளிக்கவைத்த மாவில் கல்லில் சுட்ட ரொட்டி, கூடவே தை மாதப் பரங்கிக்காயைச் சுட்டு மசித்தது. தோய்ப்பு, துவையல், தொடுகறி என்று மூன்று சொற்கள் வந்திருக்கின்றன.

தோய்ப்பு வேண்டாம். தோய்த்தால் பண்டம் ஊறும். இட்லி சாம்பாரில் தோயும். இந்த ரொட்டி ஊறக்கூடாது, நுனியால் அள்ளவேண்டும். துவையல் உறைப்பாக அரைத்தது, துளி தொட்டால் போதும். இது ஒரு வாய்க்கு அரைக்கரண்டி போகும். தொடுகறி நல்ல பழஞ்சொல், ஆனால் பொரியல் முதல் வறுவல் வரை எல்லாம் அதில் அடங்கிவிடுகிறது. கீரை மசியல், சேனை மசியல் என்று வழக்கிலேயே இருப்பதால் ‘தொடுமசியல்’ என முன்மொழிகிறேன்.

-----

ஐயா, மசியல் என்றாலே சோற்றில் பிசையும் தளர்ந்த பதம்தான் சமையற்கட்டில் நினைவுக்கு வரும். கத்தரிக்காய்க் கோசுமல்லியும் மசித்ததுதானே? அது இட்லிக்கு, இடியாப்பத்துக்கு ஊற்றும் பதம். பட்டியலைப் படித்துவிட்டுப் பரங்கிக்காயைத் தண்ணீரில் வேகவைத்தால் ரொட்டியில் நிற்காமல் வடியும். இன்னொன்று: தயிரில் செய்கிற டிப்பில் மசிக்க என்ன இருக்கிறது? அதற்கும் இதே சொல்லா?

-----

> தண்ணீரில் வேகவைத்தால்

ஆச்சி சொல்வது சரியான இடத்தில் கைவைக்கிறது. அதனால்தான் சொல்லோடு பதத்தையும் எழுதிவைக்க வேண்டும் என்கிறேன்.

பரங்கிக்காயில் பெரும்பகுதி நீர்தான். 400 கிராம் காயைத் தோலோடு 2 செ.மீ. கனத்தில் கீறி, தோல் கல்லில் படும்படி அடுக்கி, மூடி, சிறுதீயில் 20 நிமிடம். மூடியைத் திறந்து திருப்பிப்போட்டு, சதைப்பக்கம் கருகல் புள்ளி விழும்வரை விடவேண்டும். இந்தக் கடைசிக் கட்டத்தில்தான் நீர் வற்றுகிறது. முழுக்க ஆறியபிறகே தோலை எடுத்து மத்தால் மசிக்கவேண்டும். சூட்டோடு மிக்ஸியில் அடித்தால் கூழாகிவிடும். 2 மேசைக்கரண்டி வறுத்த எள்ளை அரைத்த விழுது, 3 வறுத்த மிளகாய், அரைத் தேக்கரண்டி சோம்பு, நெல்லிக்காயில் பாதியளவு புளியின் கெட்டிக்கரைசல். உப்பு பரிமாறும் நேரத்தில்தான், முன்னமே போட்டால் நீர் விட்டுக்கொள்ளும். அப்படியும் தளர்ந்தால் 1 மேசைக்கரண்டி பொட்டுக்கடலை மாவு இழுத்துப்பிடிக்கும். நல்லெண்ணெயில் கடுகு, கறிவேப்பிலை, ஒரு சிட்டிகை கல்பாசி தாளித்து மேலே ஊற்றலாம். கல்பாசி கூடினால் கசக்கும்.

சோதனை: கரண்டியில் எடுத்துக் கவிழ்த்தால் ஒட்டிக்கொண்டு நிற்கவேண்டும், உதறினால்தான் விழவேண்டும்.

ரொட்டிக்கு மைதா 150 கிராம், கோதுமை மாவு 100, தண்ணீர் 155 மி.லி., உடனடி ஈஸ்ட் 3 கிராம், உப்பு 5 கிராம், நல்லெண்ணெய் 1 மேசைக்கரண்டி. நம் ஊர் வெக்கையில் 45 நிமிடத்திலேயே இரட்டித்துவிடும், அதற்குமேல் வைத்தால் புளிப்பேறும். 8 உருண்டை, அரை செ.மீ. கனம், தேய்த்தபின் 10 நிமிடம் ஓய்வு. கல் நன்றாகக் காய்ந்திருக்கவேண்டும். காயாத கல்லில் மெல்லக் காய்ந்து விறைத்துப்போகும், உப்பாது. விளிம்பு மட்டும் மெலிந்திருந்தாலும் அப்படித்தான், ஆவி அங்கே ஓட்டை போட்டு வெளியேறும். சுட்டதும் துணியில் மூடிவைத்தால்தான் அள்ளும்போது முறியாது.

> தயிரில் செய்கிற டிப்பில்

இல்லை, அதற்கு இது பொருந்தாது. ‘தொடுமசியல்’ மசித்த காய், கிழங்கு, பயறுக்கு மட்டும் என்று வரம்பு கட்டலாம். கொண்டைக்கடலை ஹம்முஸ் இதில் சேரும். தயிர் வகைக்கு வழக்கமான ‘பச்சடி’யே போதும். எல்லாவற்றுக்கும் சேர்த்து ஒரு சொல் தேடினால் மறுபடி தொடுகறிக்கே வருவோம்.

-----

வரம்போடு ஏற்கிறேன். ரொட்டிக்கு, ‘ஃபிளாட்பிரெட்’ என்பதை அப்படியே பெயர்த்த ‘தட்டைரொட்டி’ வேண்டாம், தட்டை என்றால் எண்ணெயில் பொரித்த பலகாரம் நினைவுக்கு வரும். ‘கல்ரொட்டி’ எப்படிச் சுட்டது என்பதையும் சொல்கிறது. ‘ஸ்டார்ட்டர்’ என்ற தலைப்புக்கு ‘பசியூட்டி’ மருந்துக்கடைச் சொல்லாக ஒலிக்கிறது. ‘முன்பலகாரம்’ போடுங்கள்.

பட்டியல் வரி:

முன்பலகாரம்: கல்ரொட்டி, சுட்ட பரங்கிக்காய்த் தொடுமசியல் (எள், கல்பாசி).

எள் ஒவ்வாதவர்கள் உண்டு, அடைப்புக்குள் இருப்பதை அச்சில் விட்டுவிடாதீர்கள்.