ஒரு வருட மேயருக்கு ஓர் ஏரியா? தீரர் சத்தியமூர்த்தி பற்றி ஒரு விவாதம்

கூவம்கரையான்:
பூண்டி நீர்த்தேக்கத்துக்கு 'சத்தியமூர்த்தி சாகர்' என்று பெயர். 'சென்னைக்குப் பூண்டி தந்த மேயர்' என்று மேடைக்கு மேடை பேசுகிறார்கள். அவர் மேயரானது 1939ல். அன்றைக்கு அந்தப் பதவி ஒரே வருடம். கவுன்சிலர்கள் தேர்ந்தெடுப்பார்கள், கூட்டத்துக்குத் தலைமை தாங்கலாம், அவ்வளவுதான். நிர்வாகம் கமிஷனர் கையில். வெறும் அலங்காரப் பதவி. அணை முடிந்தது 1944ல், அவர் இறந்ததோ 1943 மார்ச் 28. இதில் 'தந்தது' எங்கே வருகிறது?

திருமயத்தான்:
எங்கள் ஊர்க்காரர் என்பதால் பேசவில்லை. அது எப்படிப்பட்ட வருடம் என்று பாருங்கள். யுத்தம் ஆரம்பித்துவிட்டது. 1939 அக்டோபரில் ராஜாஜி மந்திரிசபை ராஜினாமா செய்துவிட்டது. மாகாணம் முழுக்க ஆளுநர் கையில். யுத்தச் செலவைக் காட்டி எந்தக் கோப்பையும் தூங்க வைக்கலாம். அந்த நேரத்தில் ஒரு காங்கிரஸ்காரர் கோட்டையோடு மல்லுக்கட்டி, தன் பதவிக்காலத்துக்குள்ளேயே, 1940 ஆகஸ்டில், அடிக்கல் நாட்ட வைத்தார். நாட்டியவர் ஆளுநர் ஆர்தர் ஹோப். அரசியலில் எதிரி, தண்ணீருக்கு மட்டும் கூட்டாளி! இரண்டு வருடம் கழித்து அதே அரசாங்கம்தான் இவரைச் சிறையில் தள்ளியது.

நீர்வழி:
நடுவில் வருவதற்கு மன்னிக்கவும். பூண்டிக்கு முன்னால் சென்னைக்குக் கொசஸ்தலை ஆற்று நீர் வந்தது தாமரைப்பாக்கம் அணைக்கட்டு வழியாகத்தான். அங்கே திருப்பி, சோழவரம், செங்குன்றம் ஏரிகள், அப்புறம் கீழ்ப்பாக்கம் சுத்திகரிப்பு நிலையம். கால்வாய் தாங்குகிற அளவு போக மிச்ச வெள்ளம் எண்ணூர்க் கடலுக்கு. மழை மொத்தமும் ஐப்பசி, கார்த்திகையில் கொட்டிவிடும், குடிப்பதோ வருடம் முழுக்க. அதனால் மேலே ஓரிடத்தில் தேக்கியே ஆக வேண்டும். ஆரம்பத்தில் பூண்டியின் கொள்ளளவு சுமார் 2,573 மில்லியன் கன அடி. இன்றைக்குக் கிருஷ்ணா நீர் வந்து இறங்குவதும் அங்கேதான். எந்த மேயரும் மண் சுமந்து அணை கட்டுவதில்லை. கோப்பு நகர்ந்ததா, இல்லையா? நகர்ந்தது.

மல்லிகை:
சரி, ஏரியை அவருக்கே கொடுத்துவிடுவோம். சட்டசபையில் அவர் பேசியதை யார் கணக்கில் எழுதுவது? பெண் குழந்தைகளுக்குப் பொட்டுக் கட்டி, தேவதாசிகளாகக் கோயிலுக்கு விடுவதை நிறுத்த முத்துலட்சுமி ரெட்டி போராடியபோது எதிர்த்து நின்றவர்களில் முக்கியமானவர் இவர். அந்த அம்மா 1930ல் கொண்டுவந்த மசோதா சட்டமாவதற்கு 1947 வரை ஆனது. சிலை வைக்கும்போது மட்டும் இந்த அத்தியாயம் எல்லோருக்கும் மறந்துபோகிறது.

திருமயத்தான்:
மறைக்கவில்லை. சதிர், அதாவது தேவதாசிகள் ஆடிவந்த நடனம், அழிந்துவிடும் என்ற பயம் அவருக்கு உண்மையாகவே இருந்தது. தேவதாசிகளிலேயே ஒரு பகுதியினர் சங்கமாகச் சேர்ந்து எதிர்த்தார்கள். 1947 சட்டம் கோயிலில் ஆடுவதையே தடுத்தது. பிழைப்பு போனது யாருக்கு?

மல்லிகை:
அவர்களுக்குள்ளிருந்தே, பொட்டுக் கட்டுவதை எதிர்த்துப் போராடிய மூவலூர் ராமாமிர்தம் அம்மையாரும் வந்தார், அவரை விட்டுவிட்டீர்களே. பிழைப்புதான் கவலை என்றால் அதற்கும் வழி இருந்தது. 1929ல் இந்து சமய அறநிலையச் சட்டத்துக்கு வந்த திருத்தம், கோயில் ஊழியத்துக்காகக் கொடுத்திருந்த மானிய நிலத்தை அந்தப் பெண்களுக்கே விட்டுக்கொடுத்து, கோயில் ஊழியத்திலிருந்து விடுவித்தது. ஆட்டத்தைத் தடுக்கவில்லை. நிலமும் இருக்கட்டும், ஆட்டமும் இருக்கட்டும், பொட்டு மட்டும் வேண்டாம் என்று வாதாட அவருக்கு நாக்கு வன்மை இல்லையா? தீரருக்கா இல்லை?

கூவம்கரையான்:
மல்லிகை சொல்வது என் கேள்வியைவிடக் கனமானது. நான் ஏரியோடு நிற்கிறேன். கோப்பு நகர்ந்தது, ஒப்புக்கொள்கிறேன். பெயரை எடுக்கச் சொல்லவில்லை. 1944 வரை, யுத்தத்துக்கு நடுவே, அணையைக் கட்டி முடித்த பொறியாளர்கள், கூலியாட்கள் பற்றி ஒரு பலகையாவது அங்கே வைக்கலாமே என்கிறேன்.

திருமயத்தான்:
தாராளமாக வையுங்கள். ஆனால் அலங்காரப் பதவி என்பதை மட்டும் திரும்பப் பெறுங்கள். காமராஜரைக் கைப்பிடித்து வளர்த்தவர், 1940ல் அவர் தமிழ்நாடு காங்கிரஸ் தலைவரானதும் அவருக்குக் கீழே செயலாளராக உட்கார்ந்தவர். நாற்காலியின் உயரத்தை வைத்து வேலை செய்கிற ஆள் இல்லை.

மல்லிகை:
என் கேள்விக்கு இன்னும் பதில் வரவில்லை.