கான்குன்: படி குறைந்த செனோட்டே எது?

அம்மாவும் நானும் மெக்சிகோவின் கான்குனில் இருக்கிறோம். நாளை சிச்சேன் இட்சா என்ற பழைய மாயன் நகரத்துக்கும் ஒரு செனோட்டேவுக்கும் (சுண்ணாம்புப் பாறை இடிந்து உருவான இயற்கை நீர்க்குழி) அழைத்துப்போவதாக இருந்த சுற்றுலா நிறுவனம், சற்று முன் பயணத்தை ரத்து செய்துவிட்டது. மறுநாள் ஊருக்கு விமானம்.

விடுதியில் கேட்டேன், வேறு மூன்று நிறுவனங்களிலும் இடமில்லை. வாடகைக் காருக்குக் கிரெடிட் கார்டு வேண்டுமாம். என்னிடம் இருப்பது டெபிட் கார்டு. கடைசியில் வல்லாடோலிட் என்ற ஊர் வரை பஸ், அங்கிருந்து சிச்சேன் இட்சாவுக்குச் சுமார் 45 கிலோமீட்டர் பகிர்வு வேன் என்று முடிவு செய்திருக்கிறேன். இவ்விரண்டும் இருக்கும் யுகடான் மாநிலத்தின் கடிகாரம் கான்குனைவிட ஒரு மணி நேரம் பின்தங்கியது. போகும்போது லாபம், திரும்பும்போது நஷ்டம்.

சிக்கல் அம்மாவின் முழங்கால். வயது 66. நன்றாக நீந்துவார், படிகள்தான் ஆகாது. பாறைக் குழிக்குள் இறங்கும் இக் கில் செனோட்டேவின் ஈரப் படிகளைப் படத்தில் பார்த்துவிட்டு, "நீ குளி, நான் மேலேயே உட்கார்ந்திருக்கிறேன்" என்கிறார்.

போய் வந்தவர்கள் சொல்லுங்கள்: வல்லாடோலிட் அருகே படிகள் குறைவாக, பிடித்து இறங்கக் கைப்பிடியோடு இருக்கும் செனோட்டே எது?