பாத்டப்பில் ஹேர் டை கறை: கேரள எல்லையோரத்து அனுபவங்கள்

லோயர்கேம்ப்

குமுளியில் ஒரு ஹோம்ஸ்டேயில் ஹவுஸ்கீப்பிங் வேலை பார்க்கிறேன். வீடு மலைக்குக் கீழே லோயர்கேம்ப்பில். ஏலத்தோட்டத்துக்கு ஆள் ஏற்றிப் போகும் ஜீப்பில் காலையில் மேலே போய், பொழுது சாய இறங்கிவிடுவேன். எங்கள் மாடி அறைகளில் பாத்டப் போட்டிருக்கிறார்கள், வெள்ளை அக்ரிலிக். தேக்கடி படகுச் சவாரிக்கு வருகிற குடும்பங்கள் பிள்ளைகளுக்காக அந்த அறைதான் வேண்டும் என்று கேட்டு வாங்குவார்கள். டப்பில் கறை இருந்தால் அன்றைக்கு அந்த அறையை யாருக்கும் கொடுக்க முடியாது.

கிறிஸ்துமஸ் லீவு சமயம் அது. ஒரு குடும்பம் கல்யாண வீட்டுக்குப் போகிற அவசரத்தில் விடிகாலையிலேயே டை அடித்து, டப்பிலேயே தலையை அலசிவிட்டுக் கிளம்பிவிட்டது. நான் உள்ளே போய்ப் பார்த்தால், உள்பக்கம் முழுக்கத் தெறித்த புள்ளி. தண்ணீர் ஓடிய வழியெல்லாம் ஊதாவும் பழுப்புமாகக் கோடு. வடிகால் மூடியைச் சுற்றிக் கன்னங்கரேல் என்று ஒரு வளையம். விளிம்பைப் பிடித்து எழுந்திருக்கிறார்கள் போல, நான்கு விரல் தடம் அப்படியே பதிந்து, ரேகைகூடத் தெரிந்தது. டப்பும் சுவரும் சேரும் இடத்தில் பூசியிருக்கும் வெள்ளை சிலிக்கானிலும் சாயம் இறங்கியிருந்தது. மதியத்துக்கு அடுத்த ஆள் வருகிறார்கள்.

கூட வேலை பார்க்கும் பெண் வண்டிப்பெரியாற்றுக்காரி, புதிதாகச் சேர்ந்தவள். கையில் கம்பி நாரோடு வந்து நின்றாள். “அக்கா, கொஞ்சம் ஆசிட் ஊத்தி ஒரு தேய் தேய்ச்சிரட்டா?”

“வேண்டாம்மா, இது அக்ரிலிக். நார் பட்டா கோடு விழுந்துரும். அடுத்த தடவை டை அந்தக் கோட்டுக்குள்ளதான் போய் உக்காரும்.”

எனக்கு இதைச் சொல்லிக் கொடுத்தது முன்பு அங்கே சூப்பர்வைசராக இருந்த சேச்சி. கறையோடு மல்லுக்கு நிற்கக் கூடாது, மருந்தை வைத்துவிட்டு அடுத்த வேலையைப் பார்க்க வேண்டும் என்பார். நானும் அப்படித்தான் செய்தேன்.

முதலில் பாத்திரம் கழுவும் சோப்புத் திரவமும் வெதுவெதுப்பான தண்ணீரும் மட்டும். மெல்லிய துணியால் துடைக்கத் துடைக்க, துணியில் பழுப்பாக இறங்கியது. தெறித்த புள்ளியில் பெரும்பாலானவை இதிலேயே போய்விட்டன. விளிம்பில் இருந்த விரல் தடத்துக்கு வெள்ளைப் பற்பசை எடுத்தேன். ஜெல் பேஸ்ட் வேலைக்கு ஆகாது. வெள்ளை பேஸ்ட்டில் இருக்கும் மெல்லிய பொடிதான் கறையை அரித்து எடுக்கும். பழைய டூத் பிரஷ்ஷால் வட்டமாக, அழுத்தாமல் தேய்க்க வேண்டும்.

வடிகால் வளையம் மட்டும் இதற்கெல்லாம் மசியவில்லை. மெடிக்கல் ஷாப்பில் புண் கழுவ விற்கும் ஹைட்ரஜன் பெராக்சைடு இருக்கிறதே, 20 வால்யூம் என்று போட்டிருக்கும், ஏறக்குறைய 6 சதவீதம், அதில் ஆப்பச் சோடாவைக் குழைத்துக் கெட்டியான களிம்பாகப் பூசினேன். காய்ந்துபோனால் வேலை நின்றுவிடும் என்பதால் மேலே சமையலறை பிளாஸ்டிக் தாளை ஒட்டிவிட்டு, பக்கத்து அறைக்குப் படுக்கை விரிப்பு மாற்றப் போனேன். திரும்பி வந்தபோது தாளுக்கு அடியில் வெள்ளைக் களிம்பு தேநீர் நிறத்துக்கு மாறியிருந்தது. வழித்துக் கழுவிவிட்டு இன்னொரு முறை பூச, வளையம் போய்விட்டது. கிளவுஸ் போட்டுக்கொண்டுதான் செய்தேன், இல்லாவிட்டால் விரல் நுனி வெளுத்து எரியும்.

சிலிக்கானில் இறங்கியது மட்டும் முழுசாகப் போகவில்லை. மங்கலாக நின்றது.

இதை எழுதக் காரணம் உண்டு. எனக்குத் தெரிந்த ஒரு பெண் வேலை பார்க்கிற வேறொரு இடத்தில், விருந்தாளி விட்டுப்போன டை கறைக்கு அவள் சம்பளத்தில் பிடித்தார்கள். கறையை வைத்தது அவளா? வேலை தெரியாதவளைத் தேய்க்க விட்டு, டப்பில் கோடு விழுந்த பிறகு அதற்கும் அவளையே பிடிப்பது அநியாயம். என்ன செய்ய வேண்டும் என்று முதலிலேயே சொல்லிக் கொடுத்தால் தண்டமும் இல்லை, டப்பும் பிழைக்கும். உங்கள் இடங்களில் எப்படிச் சமாளிக்கிறீர்கள்? எழுதுங்கள்.


கோட்டைவாசல்

செங்கோட்டைப் பக்கத்திலிருந்து எழுதுகிறேன். குற்றாலத்தில் ஒரு பழைய பங்களாவைச் சீசனுக்கு வாடகைக்கு விடுகிறார்கள், அதன் பராமரிப்பு என் பொறுப்பு. அங்கே இருப்பது அக்ரிலிக் இல்லை. வார்ப்பிரும்பு டப், மேலே எனாமல் பூச்சு. அந்தக் காலத்துச் சாமான்.

எனாமல் என்பது இரும்பின் மேல் உருக்கி ஒட்டிய கண்ணாடிதான். நல்ல நிலையில் இருக்கிறவரை டை அதில் பிடிக்கவே பிடிக்காது, வழுக்கிக்கொண்டு போய்விடும். ஆனால் எனக்கு முன்னால் இருந்தவர் வாரா வாரம் கழிவறை ஆசிட்டை அதில் ஊற்றிக் கழுவியிருக்கிறார். மேல் பளபளப்பு செத்து, தடவினால் சொரசொரவென்று இருக்கிறது. இப்போது ஜூன், ஜூலையில் சாரல் அனுபவிக்க வருகிறவர்களில் யாராவது டை அடித்துவிட்டால், அந்தச் சொரசொரப்பான இடத்தில் மட்டும் கறை நிற்கிறது. பெராக்சைடு வைத்தால் வெளுக்கும், ஒரேயடியாகப் போகாது. மேல்பூச்சை மறுபடி அடித்தால்தான் சரியாகும்.

டப் எதில் செய்தது என்று தெரியாதவர்களுக்கு ஒரு வழி. ஃபிரிட்ஜில் ஒட்டி வைக்கும் காந்தத்தை எடுத்து வையுங்கள். ஒட்டினால் அடியில் இரும்பு, மேலே எனாமல். ஆசிட், எலுமிச்சை, வினிகர் எதையும் அதில் ஊற வைக்கக் கூடாது. ஒட்டாவிட்டால் பெரும்பாலும் அக்ரிலிக் அல்லது ஃபைபர். விரலால் தட்டினால் மந்தமாகச் சத்தம் வரும், தொட்டால் சில்லென்று இருக்காது. அதில் கம்பி நாரும் நெயில் பாலிஷ் ரிமூவரும் ஆகாது.


போடிமெட்டு

நெயில் பாலிஷ் ரிமூவர் பற்றி கோட்டைவாசல் அண்ணாச்சி சொன்னது சத்தியமான வார்த்தை. மூணாறில் என் தங்கச்சி வேலை பார்க்கும் காட்டேஜில் ஒருவர் டை கறை மேல் பஞ்சில் ரிமூவரை நனைத்து வைத்துவிட்டு டீ குடிக்கப் போயிருக்கிறார். அதில் இருக்கும் அசிட்டோன் அக்ரிலிக்கைக் கரைத்துவிடும். பஞ்சு வைத்த இடம் வெள்ளை படிந்து, பஞ்சின் இழை வரைக்கும் பதிந்துவிட்டதாம். கறையாவது ஒரு நாள் போகும், இது போகாது.


கொழிஞ்சாம்பாறை

நான் பியூட்டி பார்லர் வைத்திருக்கிறேன். எங்கள் ஊர்ப் பக்கம் தமிழ்க் குடும்பங்கள் நிறைய. பொள்ளாச்சியிலிருந்தும் ஆள் வருவார்கள். கறை பற்றிப் பேசும்போது டை எப்படி வேலை செய்கிறது என்பது தெரிந்தால் பாதிக் கஷ்டம் குறையும்.

நரைக்கு அடிக்கும் பெரும்பாலான டைகளில் பிபிடி என்ற பொருள் இருக்கும். பாரா ஃபீனைலின் டையமின் என்பது முழுப்பெயர். பாக்கெட்டைப் பிரிக்கும்போது அதற்குப் பெரிதாக நிறம் கிடையாது. பெராக்சைடோடு சேர்ந்தால்தான் சின்னச் சின்ன மூலக்கூறுகள் ஒன்றோடொன்று பிணைந்து கறுக்கும். நறுக்கிய வாழைக்காய் காற்றுப்பட்டுக் கறுப்பதும் இந்த வகைச் சங்கதிதான். முடிக்குள் இது நடக்க அரை மணி நேரம் போல ஆகும். டப்பில் தெறித்த துளியும் அதே நேரத்தை எடுத்துக்கொண்டு கறுக்கும். தெறித்தவுடன் பார்த்தால் லேசான பழுப்புதான், ‘அப்புறம் கழுவிக்கலாம்’ என்று தோன்றும். அந்த அப்புறத்தில்தான் அது கெட்டிப்படுகிறது. அதனால் தெறித்த நிமிடமே சோப்புத் தண்ணீர். இதைவிடப் பெரிய வைத்தியம் என் அனுபவத்தில் இல்லை.

‘அம்மோனியா இல்லாதது’ என்று அட்டையில் போட்டிருக்கிறதே, அது கறை பிடிக்காதா என்று வாடிக்கையாளர்கள் கேட்பார்கள். பிடிக்கும் கண்ணு. அம்மோனியாவுக்குப் பதில் வேறு காரப்பொருள் போட்டிருப்பார்கள், அவ்வளவுதான். ‘கருப்பு மெஹந்தி’ என்று வரும் பொடிகளிலும் பல சமயம் பிபிடி உண்டு, அட்டையைத் திருப்பிப் படித்துவிடுங்கள். வெறும் மருதாணி இலை அரைத்துப் போட்டால் வருவது செம்மஞ்சள் கறை. அது டப்பில் அவ்வளவு ஒட்டாது.

சிவப்பு, நீலம் என்று இளவட்டங்கள் அடிக்கும் தற்காலிகக் கலர் வேறு இனம். அதில் நிறம் ஏற்கெனவே கலந்தே இருக்கும், மெடிக்கல் ஷாப் சர்ஜிக்கல் ஸ்பிரிட்டுக்கு நன்றாகக் கரையும். பஞ்சில் ஸ்பிரிட் தொட்டு ஒற்றி எடுத்துவிட்டு உடனே தண்ணீர் விட வேண்டும். அக்ரிலிக்கில் ஸ்பிரிட்டையும் ஊற வைக்காதீர்கள், முதலில் கண்ணுக்குப் படாத ஒரு மூலையில் தொட்டுப் பாருங்கள்.

கறைக்குச் சம்பந்தமில்லை என்றாலும் இதைச் சொல்லாமல் விட மனசில்லை. பிபிடி சிலருக்கு ஒத்துக்கொள்ளாது, முகமே வீங்கிவிடும். புது டை என்றால் காதுக்குப் பின்னால் கொஞ்சம் தடவி 48 மணி நேரம் பாருங்கள். கலக்கி வைத்த கிண்ணத்தைக் குழந்தை எட்டுகிற இடத்தில் வைக்கவே வைக்காதீர்கள். வயிற்றுக்குள் போனால் உயிருக்கே ஆபத்து.


மார்த்தாண்டம்

எங்கள் வீடு களியக்காவிளை ரோட்டில். வீட்டுக்காரர் துபாயில் இருந்தபோது ஆசைப்பட்டு டப் வைத்துக் கட்டினது. மாமியார் மாதம் ஒரு தடவை டை அடிப்பார்கள், குனிந்து பக்கெட்டில் தலை அலச முடியாது என்பதால் டப் ஓரத்தில் ஸ்டூல் போட்டு நான்தான் அலசி விடுவேன்.

ஒரு தடவை நான் ஊரில் இல்லாதபோது வேலைக்கு வந்த பெண் கறையைப் பார்த்துவிட்டு முதலில் பிளீச்சிங் பவுடரைக் கரைத்து ஊற்றியிருக்கிறாள். போகவில்லை என்று அது காயுமுன்னே கழிவறை ஆசிட்டையும் ஊற்றிவிட்டாள். குப்பென்று புகை, மூச்சு முட்டி இருமிக்கொண்டே வெளியே ஓடி வந்திருக்கிறாள். மாமியார் ஜன்னலையெல்லாம் திறந்துவிட்டு, அவளை முற்றத்தில் உட்கார வைத்து, நேரே ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப் போனார்கள். கடவுள் புண்ணியத்தில் ஒன்றும் ஆகவில்லை. வந்தது குளோரின் வாயு. பிளீச்சும் ஆசிட்டும் சேரவே கூடாது. டையில் அம்மோனியா இருந்தால் அதன் மேல் நேராகப் பிளீச் ஊற்றுவதும் தப்பு, அதிலிருந்தும் விஷ வாயு வரும். பிளீச்தான் என்றால், டையை முழுக்க அலசின பிறகு, நிறையத் தண்ணீரில் கரைத்து, கதவைத் திறந்து வைத்துக்கொண்டு. கலர் டப்பில் அதுவும் வேண்டாம், வெளுத்துவிடும்.

லோயர்கேம்ப் அக்காவிடம் ஒரு சந்தேகம். டை கறுக்கிறதே பெராக்சைடால் என்கிறார்கள். அதே பெராக்சைடு எப்படிக் கறையை எடுக்கிறது?


கொழிஞ்சாம்பாறை

அதை நான் சொல்கிறேன். நிறம் உருவாகிற வரை பெராக்சைடு கோக்கிற வேலை செய்யும். கோத்து முடிந்த பிறகு மேலும் மேலும் போட்டால், அதுவே நிறத்தை உடைக்கும். சோடாவின் காரம் அதற்குக் கைகொடுக்கும். அதனால்தான் ஈர டை மேல் பெராக்சைடு ஊற்றக் கூடாது, இன்னும் கறுத்துவிடும். முதலில் சோப்பு, அப்புறம்தான் அது. லோயர்கேம்ப்காரர் செய்த வரிசை சரி.


கோட்டைவாசல்

அலசுவதற்கு முன்னால் டப்பில் தேங்காய் எண்ணெய் தடவினால் கறை பிடிக்காது என்று ஒருவர் சொன்னார். வயசானவர்கள் இருக்கும் வீட்டில் தயவுசெய்து வேண்டாம், வழுக்கும். எண்ணெயை நெற்றியிலும் காதோரத்திலும் தடவுங்கள். டப்பைத் தண்ணீரால் நனைத்துவிட்டு, தலை அலசி முடிகிறவரை குழாயை மெல்லத் திறந்து விட்டிருந்தாலே போதும்.


லோயர்கேம்ப்

எல்லோருக்கும் நன்றி. சிலிக்கான் என்ன ஆயிற்று என்று தனியாகக் கேட்டிருந்தார்கள். டிஷ்யூவைப் பெராக்சைடில் நனைத்து அந்த ஓரத்தில் ராத்திரி முழுக்க ஒட்டி வைத்துப் பார்த்தேன், நிறம் குறைந்தது, போகவில்லை. சிலிக்கானுக்குள் இறங்கியதை எதுவும் வெளியே இழுக்காது. கடைசியில் பிளம்பர் அண்ணன் பழையதை பிளேடால் கீறி எடுத்துவிட்டுப் புதிதாக இழுத்துவிட்டார். ஒரு நாள் தண்ணீர் படாமல் காய விட வேண்டும், அதனால் ஆள் இல்லாத நாளாகப் பார்த்துச் செய்யுங்கள். டப்பில் முன்பே விழுந்திருந்த கீறல் கோடுகள் மேல் கார் பாலிஷை மெல்லிய துணியில் தொட்டுத் தேய்த்ததில் பளபளப்பும் திரும்பியது, ஆனால் நன்றாகக் கழுவிவிட வேண்டும், இல்லாவிட்டால் வழுக்கும்.

முதலாளி சேட்டனிடம் பேசி அறையில் ஒரு கறுப்புத் துண்டும், ‘டை அடிப்பதாக இருந்தால் எங்களிடம் சொல்லுங்கள், பக்கெட்டும் ஸ்டூலும் தருகிறோம்’ என்று தமிழிலும் மலையாளத்திலும் எழுதின அட்டையும் வைத்திருக்கிறோம். கேட்டு வாங்குகிறார்கள். வண்டிப்பெரியாற்றுப் பெண் இப்போது காந்தமும் கையுமாகத்தான் புது அறைக்குள் போகிறாள்.