தனகா கினுயோ ஊமைப்படக் காலத்தவரா?

நல்லூரான்:
தனகா கினுயோ நடித்த ‘ஒஹாருவின் வாழ்க்கை’ என்ற ஜப்பானியப் படம் பார்க்க உட்கார்ந்தேன். கோயில் சிலையின் முகத்தில் நாயகி ஒஹாரு தன் பழைய காதலனைக் காணும் இடத்தில் மின்சாரம் போய்விட்டது! இந்த நடிகை ஊமைப்படங்களிலும் நடித்தவரா?

கொக்குவில் அக்கா:
ஆம் தம்பி. 1924இல், 14 வயதில் திரைக்கு வந்தவர். 1931இல் ஜப்பானின் முதல் முழுநீளப் பேசும்படத்திலும் நாயகி. 1950இல் அமெரிக்காவிலிருந்து கறுப்புக் கண்ணாடியோடு திரும்பி, கூட்டத்தை நோக்கி முத்தங்களைப் பறக்கவிட்டார், பத்திரிகைகள் வறுத்தெடுத்தன. நம் ஊர்ச் சந்தியென்றால் மட்டும் விட்டுவைப்போமா? 1952இல் ஒஹாருவாக வந்து அவர்களின் வாயை அடைத்தார்.

மானிப்பாய் வாசகன்:
அக்கா, 1953 முதல் ஆறு படங்களை இயக்கினாரே, அதை விட்டுவிட்டீர்கள்.

நல்லூரான்:
மின்சாரம் வந்துவிட்டது. மீதியைப் பார்த்துவிட்டு வருகிறேன்.