சென்னையில் தனியாக இருப்பவர்களே, எந்த நேரம் மனசுக்கு நிறைவாக இருக்கிறது?

வேளச்சேரி வாசி:
வேலைக்காக வந்து ஒற்றை அறையில் தனியாக இருக்கிறேன். வாரநாள் ஓடிவிடுகிறது. ஞாயிறு மதியம் துணி காயப்போட்டுச் சாப்பிட்டு முடித்தால், அப்புறம் போனே கதி. ஆனால் பறக்கும் ரயிலில் கோட்டூர்புரம் தாண்டி அடையாற்றின் மேலே போகும்போது மட்டும் போனை மறந்து வெளியே பார்க்கிறேன். தண்ணீரில் வெயில், கரையோரம் கொக்கு, கதவுப் பக்கம் அடிக்கிற காற்று, எதுவும் குறையாத மாதிரி இருக்கும். இறங்கியதும் போய்விடுகிறது. உங்களுக்கும் இப்படி உண்டா? எப்படித் தக்கவைக்கிறீர்கள்?

வற்றல்குழம்பு:
எனக்கு அது ராத்திரிச் சமையல். அரை டம்ளர் அரிசியை வைத்துவிட்டு நல்லெண்ணெயில் சுண்டைவற்றல் வறுப்பேன். அடுப்பை விட்டு நகர முடியாது, நன்றாகச் சிவந்து வருவதற்கும் கருகுவதற்கும் நடுவில் கண்மூடித் திறக்கிற நேரம்தான், அதனால் அந்த நேரத்தில் ஆபீஸ் கவலை எதுவும் கிட்டே வராது. சுடுசோற்றில் பிசைந்து தட்டில் போட்டு உட்கார்ந்து சாப்பிடுங்கள் நண்பரே. பாத்திரத்தோடு நின்றபடி சாப்பிட வேண்டாம், ஒரு ஆளுக்கும் பரிமாறலாம்.

மந்தைவெளி அம்மா:
தம்பி, பிள்ளைகள் வெளியூரில், நான் ஃபிளாட்டில் தனியாக. வாசல் என்று இருப்பது ரெண்டு டைல்ஸ் அகலம். அதில் தினமும் கோலம் போடுகிறேன். யார் பார்க்கப் போகிறார்கள் என்று எதிர்வீட்டில் கேட்டார்கள். நான் பார்க்கிறேனே! கை நடுங்குகிற நாளில் இழை கோணும், அன்றைக்கு நாலு புள்ளி குறைத்து மெதுவாகப் போடுவேன். நீ எதையும் தக்கவைக்க வேண்டாம்பா, நாளைக்கும் ரயில் அந்த ஆற்றைத் தாண்டித்தானே போகும்.

கடலோரம்:
அம்மா சொல்வது சரி, ஆனாலும் ஞாயிறு அவ்வளவு கனக்கிறது என்றால் ஆற்றைப் பார்ப்பது மட்டும் போதாது என்பேன். கோட்டூர்புரத்தில் இறங்கினால் 2010-ல் திறந்த அண்ணா நூற்றாண்டு நூலகம் பக்கம்தான். சொந்தப் புத்தகம் கொண்டுபோய்ப் படிக்கத் தனிப் பகுதியே உண்டு. யாரோடும் பேச வேண்டியதில்லை, சுற்றிலும் பரீட்சைக்குப் படிக்கிற பிள்ளைகள். ஜனவரி முதல் மார்ச் வரை ராத்திரியில் மாணவர் கடலாமைப் பாதுகாப்புக் குழுவினர் நீலாங்கரையிலிருந்து பெசன்ட் நகர் வரை கரையோரமாக நடந்து பங்குனி ஆமை முட்டைகளைத் தேடி எடுத்துப் பொரிப்பகத்தில் வைக்கிறார்கள், 1988-லிருந்து நடக்கிற வேலை. பொதுமக்களும் சேர்ந்து நடக்கலாம். பேச்சுத் துணை வேண்டுமென்றால் உண்டு, வேண்டாமென்றால் இருட்டில் சும்மா நடக்கலாம்.

வேளச்சேரி வாசி:
இந்த ஞாயிறு நூலகம் போகிறேன். வற்றல்குழம்பு, சுண்டைவற்றல் எந்தக் கடையில் வாங்குகிறீர்கள்?